மிளகு ஏறிய பால் கேக்

வாயைக் கொடுத்து மாட்டிக்கொள்வது எனக்குக் கைவந்த கலை. திருப்பத்தூரிலிருந்து என் மனைவியின் அண்ணன் போனில் பேசியபோது, "இந்தத் தடவை உங்க தங்கச்சி பிறந்தநாளுக்கு நானே கேக் செய்யப்போறேன் மச்சான்" என்று சொல்லிவிட்டேன். அவர் சிரித்த சிரிப்பு ஸ்பீக்கரில் வீடு முழுக்கக் கேட்டது.

"மாப்ள, உங்க வீட்டு அடுப்பு எங்குட்டு இருக்குன்னாவது தெரியுமா?"

அதற்குள் என் மனைவி போனை வாங்கினாள். "அதெல்லாம் அவுக செஞ்சிருவாக. நீங்க வந்து பாருங்கண்ணே."

கல்யாணமான நாளிலிருந்து அண்ணனிடம் அவள் எனக்காகப் பரிந்து பேசி நான் கேட்டதில்லை. சந்தோஷத்தில் தலைகால் புரியவில்லை. பிறகுதான் பயம் வந்தது. சொதப்பினால் எனக்கு ஒன்றும் புதிதாக மானம் போகாது. போவது அவள் சொன்ன சொல்.

எங்கள் ஊர் செக்காலைப் பகுதியில் எனக்கு பெயின்ட் கடை. பெயின்ட் கலந்து பழகிய கைக்கு மாவு கலப்பது என்ன பெரிய வேலை என்று தைரியம் சொல்லிக்கொண்டேன். வீடியோவில் பார்த்து வைத்திருந்தது மசாலா பால் கேக். ஏலக்காய் மணக்கும் கேக்கைச் சுட்டு, குங்குமப்பூவும் ஜாதிக்காயும் போட்டுக் காய்ச்சிய பாலை மேலே ஊற்றி ஊறவிட வேண்டும்.

பிறந்தநாள் ஞாயிற்றுக்கிழமை வந்தது. காலையிலேயே என் மனைவி கோழிக்கு மசாலா வறுத்து அரைத்துக் குழம்பை முடித்திருந்தாள். இனி அடுப்படிப் பக்கம் வரக் கூடாது என்று அவளை டிவி முன்னால் உட்காரவைத்தேன். மிக்ஸியின் சின்ன ஜாரை எடுத்தால் அடியில் கொஞ்சம் பழுப்புப் பொடி ஒட்டியிருந்தது. ஏலக்காயாக இருக்கும், வீணாக்குவானேன் என்று அதிலேயே சீனியையும் ஏலக்காயையும் போட்டு அரைத்தேன். தும்மல் தும்மலாக வந்தது. நல்ல காரியத்துக்குத் தும்மல் ஆகாதே என்று யோசித்தேனே தவிர, ஜாரைப் பற்றி யோசிக்கவில்லை.

விசிலைக் கழற்றிய குக்கருக்குள் கேக் அழகாக உப்பி வந்தது. ஊற்றிய பாலையெல்லாம் குடித்தது. மத்தியானம் வந்திறங்கிய மச்சான் முன்னால் அதைக் கொண்டுபோய் வைக்கும்போது என் நடையே மாறியிருந்தது.

மச்சான் ஒரு துண்டை வாயில் போட்டார். மென்றார். பாதியில் நிறுத்தினார்.

"நல்லாத்தான் இருக்கு மாப்ள. உள்ள கோழியைத்தான் காணோம்."

நான் ஒரு வாய் தின்று பார்த்தேன். மிளகும் சோம்பும் மல்லியும் பாலில் ஊறி நாக்கைப் பிடித்தன. கோழிக்கு அரைத்த ஜார். என் மனைவியை நிமிர்ந்து பார்க்கவே எனக்கு வெட்கமாக இருந்தது.

அவளும் தின்றாள். முகத்தில் ஒரு மாற்றமும் இல்லை.

"சளி பிடிச்சா பாலுக்கு மொளகு போடுறதில்லையாண்ணே? மசாலா பால் கேக்குன்னா இப்பிடித்தான் இருக்கும். தெரியாட்டிச் சும்மா சாப்புடுங்க."

மச்சான் தட்டைக் காலி செய்தார். போகும்போது வீட்டுக்கு ஒரு துண்டு கட்டியும் வாங்கிக்கொண்டார்.

மறுநாள் சாயங்காலம் கடையிலிருந்து வந்தால், மிச்சக் கேக்கைத் தட்டில் வைத்துத் தின்றுகொண்டிருக்கிறாள். மூக்கு சிவந்திருந்தது. பக்கத்தில் ஒரு சொம்பு தண்ணீர்.

"தூக்கிப் போட வேண்டியதுதானே?" என்றேன்.

"அவுக செஞ்சிருவாகன்னு சொன்னது நானு. செஞ்சதை நான்தானே திங்கணும்."

பக்கத்தில் உட்கார்ந்து நானும் ஒரு துண்டை எடுத்தேன். அவள் சொம்பை நடுவில் நகர்த்தி வைத்தாள்.