சிரித்துக்கொண்டே உடைத்த இயந்திரம்

ஆஸ்பத்திரியில் ஆக்சிஜன் இயந்திரம் ஓட்டுகிறவரை எல்லாரும் காதுக்காரர் என்றுதான் கூப்பிடுவார்கள். அந்தக் கிழட்டு இயந்திரத்தின் வயிற்றில் காதை வைத்தால் போதும், எந்த வால்வுக்கு நோவு என்று சொல்லிவிடுவார். முக்கினாலும் முனகினாலும் அது ஒருநாளும் நின்றதில்லை.

அப்படி இருக்கையில் ஒரு பணக்கார நாடு புது இயந்திரத்தை இலவசமாகக் கொடுத்தது. இலவசமாம் இலவசம்! கையோடு துறைமுகம் அவர்கள் வசம் போனதே, அதை யார் கேட்டது? பழசு அங்கே இருக்கக் கூடாது என்று ஒரு நிபந்தனை வேறு.

காதுக்காரரைத் தூக்கி வளர்த்த அக்கா அப்போதே சொன்னாள். "ஏண்டா, மாப்பிள்ளை வந்த மறுநாளே பெத்த மகனைத் துரத்துவாங்களா? அது பாட்டுக்கு ஓரமா கிடந்துட்டுப் போகட்டுமே."

"சும்மா இரு அக்கா, உனக்கென்ன தெரியும்?" என்றவர், திறப்பு விழாவுக்கு வந்த கேமராவைப் பார்த்துச் சிரித்துக்கொண்டே சம்மட்டியை ஓங்கிப் பழசை உடைத்தார்.

புதுசு சத்தமே போடாது. அதை ஓட்டுவதும் நிறுத்துவதும் அவர்கள் நாட்டுக் கணினி. கொஞ்ச காலத்தில் இங்கே ஆட்சி கவிழ்ந்தது. ஊர் இரண்டுபட்டால் கூத்தாடிக்குக் கொண்டாட்டம். புது ஆட்சி இன்னொரு பெரிய நாட்டின் மடியில் போய் உட்கார்ந்தது. முதல் நாட்டுக்காரர்கள் கோபித்துக்கொண்டு விமானம் ஏறினார்கள். போன இடத்திலிருந்தே இயந்திரத்தைப் பூட்டினார்கள். சிலிண்டராவது வருமா என்றால், துறைமுகமும் அவர்களிடம்தானே!

அந்த நேரம் பார்த்து அக்கா நுரையீரல் நோயோடு வார்டில் கிடந்தாள்.

"என்னடா... உன் மிஷின் தூங்குதா?" மூச்சு வாங்கும்போதும் கேலிதான்.

அவர் ஓடிப் போய்ப் புது இயந்திரத்தில் காதை வைத்தார். ஒன்றும் கேட்கவில்லை. திரும்பி வந்து, "கொஞ்சம் பொறுத்துக்கக்கா" என்றார். பாவம், பொறுத்துத்தான் பார்த்தாள். மத்தியானத்துக்குள் போய்விட்டாள்.

அவர் கண்ணீர் காய்வதற்குள் இரண்டாவது நாடு இன்னொரு இயந்திரத்தை அனுப்பியது. அதுவும் இலவசம்தான். அதிகாரி அவரிடம் சம்மட்டியை நீட்டினார்.

"பூட்டிக் கிடக்கிற பழசை உடைங்க. கொஞ்சம் சிரிச்ச முகமா இருங்க, போட்டோ எடுக்கணும்."

காதுக்காரர் கை நீட்டவில்லை.

"ஓரமா கிடந்துட்டுப் போகட்டும் சார்" என்றார். அது அக்கா சொன்ன வார்த்தை என்று சொன்ன பிறகுதான் உறைத்தது. கேமரா முன்னால், அந்தத் தரையிலேயே உட்கார்ந்து, "அக்கா, அக்கா" என்று வாய்விட்டு அழுதார்.