முறைக்கு வந்த தம்பி

என் மகள் தன்னிடம்தான் வளர வேண்டும் என்று கோர்ட்டுக்குப் போனவர் என் வீட்டுக்காரர். அவளுக்கு ஒரு நாள் தலை வாரிவிட்டதில்லை, ஒரு நாள் பள்ளிக்கூட வாசலில் நின்றதில்லை. அவரோடு எனக்கு ஒத்துவரவில்லை. காரணத்தைச் சொன்னால் அசிங்கம், அவருக்குத்தான். மகளைத் தூக்கிக்கொண்டு மீஞ்சூருக்கு வந்து ஒரு கம்பெனியில் வேலைக்குச் சேர்ந்தேன். அதற்குப் பிறகுதான் அந்த மனுஷனுக்குப் பாசம் பொத்துக்கொண்டு வந்தது.

கோர்ட்டில் எதையாவது விசாரிப்பார்கள் என்று நினைத்திருந்தேன். வாய்தா கொடுத்தார்கள். காலையிலிருந்து மரத்தடியில் காத்துக் கிடந்தால், கூப்பிட்ட வேகத்தில் இன்னொரு தேதியைக் கையில் கொடுத்து அனுப்பிவிடுவார்கள். கடைசியில் ஒரு உத்தரவு வந்தது. தீர்ப்பு வரும்வரை சனிக்கிழமைதோறும் கோர்ட்டிலேயே உள்ள குழந்தைகள் அறையில் அப்பா மகளைப் பார்க்கலாமாம். ஒரு கண் போன கரடி பொம்மையும் சக்கரம் இல்லாத பிளாஸ்டிக் காரும்தான் அந்த அறையின் செல்வம்.

அவர் ஊர் பழவேற்காடு ஏரிக்கரையில் இருக்கிறது. ஏரியில் இறால் பிடிக்கிற இடத்தை அங்கே பாடு என்பார்கள். நினைத்தவர் நினைத்த அன்றைக்கு அங்கே வலை போட முடியாது. வீட்டுக்கு வீடு முறை வரும்; அந்த முறைக்கும் பாடு என்றுதான் பேர். முறையை விட்டால், ஊரெல்லாம் சுற்றி மறுபடி வரும்வரை அடுத்தவர் வாயைப் பார்த்துக்கொண்டு உட்கார வேண்டியதுதான். அதனால் தனக்கு முடியாவிட்டால் தம்பியை அனுப்பியாவது முறையைக் காப்பாற்றிக்கொள்வார்கள்.

முதல் சனிக்கிழமை மகள் பச்சைப் பாவாடை கட்டி, பூ வைத்து, கதவையே பார்த்துக்கொண்டிருந்தாள். உள்ளே வந்தது என் கொழுந்தன்.

"அண்ணனுக்கு இன்னிக்கு பாடு, அண்ணி. இங்க முறை போயிடக் கூடாதுன்னு என்ன அனுப்ச்சாரு."

கிண்டல் இல்லை, நிஜமாகவே சொன்னார். பிள்ளையைப் பார்க்கிற நாளையும் அண்ணன் பாடு முறைக் கணக்கில் சேர்த்துவிட்டார் போலிருக்கிறது! வந்தவர் பாவம், தரையில் உட்கார்ந்து அந்தச் சக்கரமில்லாத காரை வாயாலேயே ஓட்டினார். மகள் சிரித்தாள்.

பாடு வந்த சனிக்கிழமையெல்லாம் தம்பிதான் வந்தார். பாடு இல்லாத சனிக்கிழமையில் அப்பா வந்து, செல்போனைத் தடவிவிட்டுப் போனார். சில மாதத்தில் மகள் கதவைப் பார்ப்பதை நிறுத்திவிட்டாள். அதற்காக அவரை நான் இன்றைக்கும் மன்னிக்கவில்லை.

ஒருவழியாக நீதிபதி அம்மா எங்கள் மூவரையும் தன் அறைக்குக் கூப்பிட்டார். கூடவே வக்கீல்களும் வந்தார்கள். மகளிடம் குனிந்து, "அப்பாகூட ஊருக்குப் போய் இருக்கியா, கண்ணு?" என்று கேட்டார்.

அவள் கொஞ்சம் யோசித்தாள். "பாடு இருக்கிற அன்னிக்கு என்கூட யாரு இருப்பா?"

நீதிபதிக்குப் புரியவில்லை. என் வீட்டுக்காரரைப் பார்த்தார். அந்த மனுஷன் தயங்கவே இல்லை.

"அதான் தம்பி இருக்கானே, மேடம்."

அவருடைய வக்கீல் நெற்றியைப் பிடித்துக்கொண்டார். தம்பியா, எந்தத் தம்பி என்று நீதிபதி கேட்க, சனிக்கிழமைக் கதை முழுக்க வெளியே வந்தது. இத்தனை வாய்தாவில் என் வக்கீல் கத்திக் கத்திச் சொல்ல முடியாததை அவர் ஒரே வாக்கியத்தில் சொல்லி முடித்துவிட்டார்.

மகள் என்னிடமே இருக்கட்டும் என்று தீர்ப்பு வந்தது. மாதத்தில் இரண்டு சனிக்கிழமை அவர் பார்க்கலாம், ஆனால் தானே நேரில் வர வேண்டும். பெற்ற பிள்ளையைப் பார்க்கத் தானே வர வேண்டும் என்று ஒரு மனுஷனுக்கு நீதிபதி எழுதிக் கொடுக்க வேண்டியிருந்தது. தூ!

பஸ்ஸுக்கு நிற்கும்போது மகள் கேட்டாள்: "இனிமே நைனாவே வருவாராம்மா?"

"வருவாரு. அவருதான் வரணும்னு சொல்லிட்டாங்க."

அவள் முகம் சுருங்கிப்போனது.

"அப்ப சித்தப்பா வர மாட்டாரா?"