கலாவின் கணவர்

சிரிக்க வைக்கிறவனை மேடைக்கு அழைத்துப்போகும் தொழிலில் நாம் மேடையைப் பார்ப்பதே கிடையாது. அதற்கு முதுகைக் காட்டிக்கொண்டு சனங்களின் வாயைத்தான் பார்த்துக்கொண்டிருப்போம். பாட்டுக் குழு, மேளம், பந்தல் சமையல் என்று விசேஷ வீடுகளை நம்பிப் பிழைக்கும் உங்களுக்கு இது புரியும். ஆரணியில் பதினோரு வருடமாக எனக்கு இதுதான் வேலை. கையில் இருப்பது ஒரே கலைஞன், ஏழுமலை.

பெயர்

ஏழுமலை விசைத்தறி ஓட்டிக்கொண்டிருந்தவன். தறிச் சத்தத்தில் அவன் சொல்வது எதுவும் காதில் விழாது. எதிர்த் தறிக்காரர் அவன் முகத்தை மட்டும் பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்தார். அதைப் பார்த்துத்தான் மேடைக்கு இழுத்துவந்தேன்.

அவன் பேசும் நாற்பது நிமிடமும் மனைவி கலாதான். சண்டை போட்ட நாளில் கலா அவனோடு பேசமாட்டாள். கல்லில் வேகும் தோசையோடு பேசுவாள். "வந்துட்டாரு பாரு. வேலைக்குப் போனாரான்னு கேளு." அவனும் தோசைக்கே பதில் சொல்வான். "போனேன்னு சொல்லு. சட்னி கீதான்னு கேளு." எல்லாம் வீட்டில் நடந்ததுதான். யூடியூபில் போடுவதற்கு முன்னால் கலாவிடம் சம்மதம் கேட்கப் போனேன். பெயரை மாற்றிவிடலாம் என்றேன். அவள் யோசிக்கவே இல்லை. "வேற பேர் வெச்சா எவளோன்னு நெனைப்பாங்கண்ணா. எம் பேரே இருக்கட்டும்."

தொடக்கூடாதவை

ஒவ்வொரு விசேஷத்துக்கு முன்பும் அந்த வீட்டாரிடம் போனில் கேட்டுக்கொள்வேன்: எதைப் பற்றிப் பேசக்கூடாது? யார் ஓடிப்போனார்கள், யாருக்கும் யாருக்கும் பேச்சில்லை, எந்தக் கட்சி என்பது தெரியாமல் மேடை ஏறினால் நாற்காலி பறக்கும். கண்ணமங்கலத்தில் ஒரு வரவேற்புக்கு மாப்பிள்ளையின் அப்பா நிறுத்தாமல் சொல்லிக்கொண்டே போனார். மாப்பிள்ளையின் தலைமுடி கூடாது. பெரியப்பாவின் குடி கூடாது. சம்பந்தி ஊர் கூடாது, மாமியார் என்ற சொல்லே கூடாது. இவ்வளவையும் விட்டால் பேசுவதற்கு என்ன இருக்கிறது என்று கேட்டேன். "அதான் அவரு பொண்டாட்டி கீதே சார், அத்தப் பேசச் சொல்லுங்க."

சேத்துப்பட்டு

கலாவுக்கு வயிற்றில் கட்டி. வேலூரில் பெரிய ஆஸ்பத்திரியில் ஆபரேஷனுக்குச் சேர்த்திருந்தார்கள். அந்த வாரம் சேத்துப்பட்டில் கோயில் திருவிழா. கலா கதை வேண்டாம்ணா, வேறு ஏதாவது பேசுகிறேன் என்றான் ஏழுமலை. அத்தனை வீட்டாரிடமும் எதைத் தொடக்கூடாது என்று கேட்ட நான், அவனிடம் ஒருநாளும் கேட்டதில்லை. அன்றைக்கு அவனாகச் சொன்னபோதும், நோட்டீஸில் 'கலாவின் கணவர்' என்று போட்டுவிட்டார்களே என்றுதான் சொன்னேன்.

பத்து நிமிடம் பஸ் பயணத்தைப் பற்றிப் பேசிப் பார்த்தான். ஒரு பல்லும் தெரியவில்லை. பிறகு தோசைக்கு வந்தான். கூட்டம் சிரித்த சிரிப்பில் ஸ்பீக்கர் கரகரத்தது. இறங்கி வந்து துண்டால் முகத்தை மூடிக்கொண்டு கேட்டான். "வீடியோ எடுத்தியாண்ணா? பாக்கணும்னு சொல்லிகினு இருந்தா."

வார்டு

மறுநாள் போனில் அதைக் காட்டினேன். பக்கத்துக் கட்டில் பெண்கள் எட்டிப் பார்த்துவிட்டு, கலா என்பது இவள்தானா என்று கேட்டார்கள். கலா தலையணையில் சாய்ந்தபடி முழுவதும் பார்த்தாள். சிரிக்கவில்லை, சிரித்தால் தையல் வலிக்கும். போனைத் திருப்பிக் கொடுத்துவிட்டுச் சொன்னாள். "ஜனங்க சிரிச்சி முடிக்கறதுக்குள்ள அடுத்ததுக்கு ஓடறாரு. கொஞ்சம் நிக்கச் சொல்லுங்கண்ணா."

மண்டபம்

கலா போய்விட்டாள். கருமாதி முடிந்த மூன்றாவது வாரம், ஆரணியிலேயே ஒரு பட்டு வியாபாரி வீட்டுக் கல்யாணம். எப்போதோ ஒப்புக்கொண்ட தேதி. மேடை ஏறினால் அவன் மனசு தேறும் என்று எல்லோரிடமும் சொன்னேன். உண்மையில் தேதியை விட எனக்கு மனமில்லை. கலாவை விட்டுவிட்டுப் பேசு என்றேன். வேறு எனக்கு என்ன தெரியும் என்றான்.

தோசைக் கதையை எப்போதும் சொல்வது போலவே சொன்னான். சட்னி வரைக்கும் வந்து, அவசரப்படாமல் நின்றான். யாரும் சிரிக்கவில்லை. முன்வரிசைப் பெண்களில் பாதிப் பேர் கலா சாவுக்கு வந்து போனவர்கள். முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தார்கள். அவன் இன்னும் நின்றுகொண்டிருந்தான். சாவைப் பற்றி அவன் ஒரு வார்த்தை பேசவில்லை. ஆனாலும் பெண்ணின் அப்பா என் கையைப் பிடித்து ஓரமாக இழுத்துப்போனார். "கல்யாண வூட்ல சாவப் பத்திப் பேச வெச்சிட்டீங்களே சார்."

திருமலைப் பக்கம்

அதோடு கல்யாண வீடுகள் எங்களை விட்டுவிட்டன. நல்ல காரியத்துக்கு ஆகாது என்று பேச்சு பரவிவிட்டது. ஏழுமலை மறுபடியும் தறிக்குப் போனான். ஆறு மாதம் கழித்து, ஆரணிக்கு அருகே சமணக் கோயில் இருக்கும் திருமலைப் பக்கத்து ஊரிலிருந்து ஒரு விவசாயி கூப்பிட்டார், மனைவியின் கருமாதிக்கு. இது காமெடிங்க என்றேன். தெரியும் என்றார். கருமாதிக்குக் கூத்து வைப்பது இந்தப் பக்கத்து வழக்கம்தான். காமெடி கேட்டு வந்த முதல் ஆள் இவர்தான். வேண்டாமென்றால் விட்டுவிடலாம் என்று ஏழுமலையிடம் சொன்னேன். தறியை நிறுத்திவிட்டு வந்தான்.

மதியச் சாப்பாடு முடிந்து, பந்தலில் முப்பது பேர். கதை தோசைக்கு வந்ததும் மொட்டைத் தலையோடு உட்கார்ந்திருந்த அந்த மனிதர்தான் முதலில் சிரித்தார், மேல்துண்டை வாயில் வைத்துக்கொண்டு. மற்றவர்கள் அவர் முகத்தைப் பார்த்துவிட்டுப் பிறகு சிரித்தார்கள். கிளம்பும்போது ஏழுமலையின் தோளைத் தொட்டுச் சொன்னார். "எங்க வூட்டம்மா ஆட்டுகிட்ட பேசும்ங்க. அந்த ஆடு இன்னும் கீது."

இப்போதெல்லாம் முகூர்த்த நாட்களில் நாங்கள் இருவரும் வீட்டில் சும்மா இருக்கிறோம். மற்ற நாட்களில் எங்கேயாவது ஒரு வீட்டுக்குச் சிரிப்பு தேவைப்பட்டுவிடுகிறது.