நொடிக்கு இரண்டு சுற்று

கூடத்திலிருந்து கர்ர்... கர்ர்... என்று சத்தம். படம் பிடிப்பவர் பிலிம் போடாத கேமராவின் கைப்பிடியைச் சுற்றிப் பழகுகிறார். நொடிக்கு இரண்டு சுற்று. கூடவும் இல்லை, குறையவும் இல்லை. சமையலறையில் வெங்காயம் நறுக்கும் மனைவிக்கு இது பதினோரு வருஷமாகக் கேட்டுப் பழகிய சத்தம்.

அவர் தெருவைத்தான் படம் பிடிப்பார். டிராம் வண்டி, மூட்டை தூக்குகிறவர்கள், வேடிக்கை பார்க்கிற கூட்டம். ஒருமுறை மிரண்ட குதிரை வண்டியோடு அவர் மேலேயே பாய வந்தது, சுற்று மாறவில்லை. "கை பதறினா படம் பாழ். வேகமாச் சுத்திட்டா, திரையில ஜனங்க தண்ணிக்குள்ள நடக்கிற மாதிரி மெதுவா நடப்பாங்க" என்பார். காப்பிக்குச் சர்க்கரை கலக்குவதும் அதே கணக்குத்தான். கல்யாணத்தன்று தன் கையைப் பிடித்தபோதுகூட அவர் கை பதறவில்லை என்று மனைவி கேலி செய்வதுண்டு.

போன வாரம் கடைத்தெருப் படத்தைச் சுவரில் கட்டிய படுக்கை விரிப்பில் ஓட்டிப் பார்த்தார்கள். ஓட்டும் கருவியைச் சுற்றுவது எப்போதும் மனைவிதான். திரையில் எல்லாரும் விறுவிறுவென்று போய்க்கொண்டிருந்தார்கள். குடை ரிப்பேர் செய்கிறவள் தெருவைக் கடந்தாள். டிராம் தயங்கியது. நாய் ஒருமுறை வாலாட்டி முடிக்க ஒரு யுகம் ஆயிற்று. நெற்றியில் விழுந்த முடியை அவள் ஒதுக்கினாள், ஒதுக்கினாள், ஒதுக்கிக்கொண்டே இருந்தாள்.

"உன் கை தூங்கிடுச்சு" என்றார் அவர்.

இவள் மூன்று தடவை ஓட்டினாள். மூன்று தடவையும் தெரு அதே இடத்தில்தான் மெதுவானது. தூங்கியது இவள் கை இல்லை, படம் பிடித்த கைதான் பதறியிருக்கிறது. தனக்காக ஒரு நாளும் பதறாத கை!

இன்று குடைக்காரியே வாசலில் வந்து நிற்கிறாள்.

"அக்கா, படத்துல நானும் இருக்கேனாமே?"

"இருக்கியேம்மா. எல்லாரையும்விட ரொம்ப நேரம் இருக்கே."

குடைக்காரி வெள்ளந்தியாகச் சிரிக்கிறாள். அந்தச் சிரிப்புச் சத்தத்துக்கு, உள்ளே கைப்பிடி கடகடவென்று பறக்கிறது.

"அண்ணன் இருக்காரா? சத்தம் கேக்குதே."

"அது மெஷின்மா. ஆளு எப்பவோ போயாச்சு."

சத்தம் சட்டென்று நிற்கிறது. அவரே வந்து நிற்கிறார். "அடுத்த வாரம் கொட்டகையில காட்டுவாங்க. வந்து பாருங்க" என்கிறார், தரையைப் பார்த்துக்கொண்டு.

"வரேன்க்கா" என்று குடைக்காரி படியிறங்குகிறாள்.

"தூசி வருது. சாத்துங்க" என்கிறாள் மனைவி.

அவர் கதவில் கை வைக்கிறார். செருப்புச் சத்தம் ஒவ்வொரு படியாகக் கீழே போகிறது. கதவு அங்குலம் அங்குலமாக நகர்கிறது. கடைசிப் படியும் ஓய்ந்த பிறகுதான் அது நிலையில் போய்ச் சேருகிறது. சாத்திய சத்தம்கூடக் கேட்கவில்லை.