மூன்றாம் எதிரி சொன்ன நன்றி

ஜெர்மனியின் கார்ல்ஸ்ரூஹேயில் சியாமளா மென்பொருள் பொறியாளர். திருச்சி மகளிர் நீதிமன்றத்திலோ அவள் குற்றம் சாட்டப்பட்ட மூன்றாம் எதிரி. முதல் எதிரி அவள் தம்பி சிவராம், இரண்டாம் எதிரி அம்மா. 2002 தீபாவளி கழிந்த மூன்றாம் வாரம் சிவராமின் மனைவி மைதிலி தூக்கு மாட்டிக்கொண்டாள். கல்யாணமாகி ஒரு வருடம்கூட ஆகவில்லை. வரதட்சணைச் சாவு என்று வழக்குப் பதிவானபோது, கடல் தாண்டி இருந்தவளையும் சேர்த்துக்கொண்டார்கள்.

அப்படி என்ன செய்துவிட்டாள்? தலைதீபாவளியன்று மைதிலியின் பிறந்த வீட்டுக்குப் போன் போட்டாள். எடுத்தவர் மைதிலியின் அப்பா பார்த்தசாரதி. "என்ன மாமா, மாப்பிள்ளைக்கு மோதிரம் போட்டாச்சா?" என்று கேட்டாள். நாத்தனார் என்று ஒருத்தி இருந்தால் இதைக் கேட்காமல் அவள் வாய் சும்மா இருக்குமா? குற்றப்பத்திரிகையில் அது 'வரதட்சணை கேட்டு மிரட்டினார்' என்று ஏறிவிட்டது.

அதிலிருந்து அவளைக் காப்பாற்றியவரும் அதே பார்த்தசாரதிதான். குறுக்கு விசாரணையில் வக்கீல் அந்தப் போனைப் பற்றிக் கேட்டபோது, மகளைப் பறிகொடுத்த மனுஷன் கொஞ்சம் யோசித்துவிட்டு, "மிரட்டல்லாம் இல்லைங்க. எல்லா வீட்டுலயும் கேக்கறதுதான். சிரிச்சுக்கிட்டேதான் கேட்டா" என்றார். 2005இல் மூன்று பேரும் விடுதலையானார்கள்.

அரசு மேல்முறையீட்டுக்குப் போகவில்லை. பெண்ணைப் பெற்றவருக்கு அன்றைய சட்டத்தில் இருந்த வழி சீராய்வு மனு ஒன்றுதான். உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் அதைப் போட்டார். சியாமளாவின் வக்கீல் போனில் விளக்கினார்: "சீராய்வுல ஹைகோர்ட் விடுதலையைத் தண்டனையா மாத்த முடியாதும்மா. கீழ்க்கோர்ட் தீர்ப்புல பெரிய கோளாறு இருந்தா மறுவிசாரணைக்கு அனுப்பலாம், அவ்வளவுதான்."

அந்த 'அவ்வளவுதான்' மூன்று வருடம் அவளைப் படுத்தி எடுத்தது. மறுபடி கூண்டேறினால் வேலையும் போச்சு, விசாவும் போச்சு. ஜெர்மனியின் பெரிய கோர்ட்டுகள் இருக்கிற ஊரில், டிராமில் அவற்றைத் தாண்டித் தாண்டி வேலைக்குப் போனவள், மதுரைக் கோர்ட்டை நினைத்துத்தான் பயந்துகொண்டிருந்தாள். மேல்வீட்டு யாழ்ப்பாணத்துச் சிவகௌரி அக்காதான் புட்டும் கறியுமாக இறங்கி வருவார். "சாப்பிடாமக் கிடந்து வழக்கு வெல்லேலாது பிள்ளை, எழும்பிக் கையைக் கழுவுங்கோ" என்று அதட்டுவார். அந்த அக்கா மட்டும் இல்லையென்றால் அவள் என்ன ஆகியிருப்பாளோ.

2008 மார்ச்சில் மனு தள்ளுபடியானது. வேறு விதமாகவும் முடிவெடுத்திருக்க முடியும் என்று ஒப்புக்கொண்ட நீதிபதி, கீழ் நீதிமன்றத்தின் முடிவும் சாட்சியத்துக்குப் பொருந்துவதால் தலையிட இயலாது என்று எழுதியிருந்தார். பார்த்தசாரதியின் வாக்குமூலத்தையும் எடுத்துக் காட்டியிருந்தார். சியாமளா ஓவென்று அழுதாள். முகம் தெரியாத அந்த நீதிபதியைக் கையெடுத்துக் கும்பிட்டாள். ஆனால் நன்றி சொல்ல வேண்டிய ஆள் வேறு ஒருவர் அல்லவா? வக்கீல் வேண்டாம் என்று தடுத்தும் கேளாமல் பார்த்தசாரதிக்குப் போன் போட்டாள்.

"மாமா, சியாமளா பேசறேன். அன்னிக்குக் கோர்ட்ல நீங்க மட்டும் உள்ளதைச் சொல்லலைன்னா..."

"நடந்ததைச் சொன்னேன். அதுக்கு எதுக்கு நன்றி?" என்றார் அவர். போனை வைத்துவிடுவார் என்று நினைத்தாள். வைக்கவில்லை. "எனக்கு ஒண்ணு தெரியணும்மா. தலைதீபாவளி அன்னிக்கு நீ பேசினப்புறம் மைதிலி போனை வாங்கிக்கிட்டு ரூமுக்குள்ள போயிட்டா. உங்கிட்ட என்ன பேசினா?"

இத்தனை வருடத்தில் எந்தக் கோர்ட்டும் இதைக் கேட்கவில்லை. இனிமேல் கேட்கவும் போவதில்லை. கோர்ட்டுக்குப் பயந்துதான் வாயை மூடிக்கொண்டேன் என்று தன்னையே சமாதானப்படுத்திக்கொள்ளவும் இப்போது வழியில்லை.

"அழுதா மாமா. போட்ட நகை போதலைன்னு எங்கம்மா தினம் குத்திக் காட்டறாங்க, நீங்க கொஞ்சம் சொல்லுங்க அண்ணின்னா. போன் கார்டுல நிமிஷம் தீரப்போகுது, அப்புறம் கூப்பிடறேன்னு வெச்சுட்டேன். கூப்பிடவே இல்ல."

திட்டட்டும் என்று காத்திருந்தாள்.

"பெத்த அப்பன்கிட்டகூட வாய் திறக்காம, எல்லாத்தையும் தனியாவே சுமந்துட்டுப் போயிட்டாளேன்னு இருந்தேம்மா" என்றார். "ஒருத்தர்கிட்டயாவது சொல்லி அழுதிருக்கா. ரொம்ப நன்றிம்மா."