நான் தள்ளிவிட்ட முளைப்பாரி

இலங்கை மலைநாட்டில், பொகவந்தலாவைப் பக்கத்துத் தேயிலைத் தோட்டமொன்றில் வாத்தியாராக இருந்தபோது, ஆறுகளைப் பற்றி எனக்குத் தெரியாதது ஒன்றுமில்லை. அப்படித்தான் நினைத்துக்கொண்டிருந்தேன். ஒரே அறையில் ஐந்து வகுப்பு. ஐந்துக்கும் நானே பூகோளம். "ஆறுகள் மலையில் தோன்றிக் கடலில் கலக்கும்" என்று நான் சொல்ல, பிள்ளைகள் தகரக்கூரை அதிரத் திருப்பிச் சொல்லும். மழைச் சத்தத்தையே அமுக்கிவிட்டோம் என்று எனக்குப் பெருமை வேறு.

அறுபதுகளின் நடுவில், எங்கள் பள்ளத்தாக்கின் கீழ்க்கோடியில் அணை கட்டி முடித்துத் தண்ணீரைத் தேக்க ஆரம்பித்தார்கள். நாளுக்கு நாள் தண்ணீர் மேலே ஏறி வந்தது. மாரியம்மன் திருவிழாவின் கடைசி நாளில் நாங்கள் முளைப்பாரி விடும் பழைய துறை அதில் மூழ்கிப்போனது. இனி எங்கே விடுவது என்று கோயிலில் கூடிப் பேசினார்கள். தோட்டத் தலைவர் என் பக்கம் கையைக் காட்டினார்.

"மாஸ்டர் படிச்சவரு. அவரே ஒரு எடத்தக் காட்டட்டுமே."

இதற்காகவே பிறந்தவன்போல எழுந்தேன். பள்ளிக்கூடத்துக்குக் கீழே ஆறு வளையும் இடத்தைச் சொன்னேன். கொழுந்து பறிக்கும் பெண் ஒருத்தி, "அங்கனயும் தண்ணி ஏறிருச்சுன்னா என்னாங்க பண்றது?" என்று கேட்டாள்.

"ஆத்துக்கு ஒரே வழிதான் தெரியும்," என்றேன். கூட்டம் தலையாட்டியது. நானும் சேர்ந்து ஆட்டிக்கொண்டேன்.

அந்த வருஷம் என் மனைவியும் முளைப்பாரி போட்டிருந்தாள். எங்களுக்கு இரண்டு தடவை கரு உண்டாகித் தங்காமல் போயிருந்தது. வேண்டுதல்களில் எனக்கு நம்பிக்கையில்லை என்று நான் ஊரெல்லாம் சொல்லி வைத்திருந்தேன். அவளோ ஒன்பது நாளும் ஒருவேளைச் சாப்பாட்டோடு இருந்தாள். பழைய கொழுந்துக் கூடையின் அடிப்பாகத்தை வெட்டியெடுத்து, மானாப்புல்லும் காய்ந்த சாணமும் பரப்பிப் பயறு விதைத்தாள். குளிரில் முளைக்காமல் போய்விடுமோ என்று அடுப்புக்குப் பக்கத்தில் வைத்து, வேலைக்குப் போகுமுன் ஒரு தடவை, வந்தபின் ஒரு தடவை, குனிந்து குனிந்து பார்த்தாள். கடைசி நாள் கல்யாணச் சேலையின் சிவப்புக் கரையில் ஒரு கீற்றுக் கிழித்து அந்தக் கூடையில் கட்டினாள்.

அன்று காலை நான் ஆற்று வளைவுக்குப் போய், ஒரு தேயிலை இலையைத் தண்ணீரில் போட்டுச் சோதித்தேன். அடக்கமாகக் கீழே போனது. நிம்மதியாக வீடு திரும்பினேன். அதற்குப்பிறகு மலையில் மதியம்வரை கொட்டிய மழை எனக்கு ஒரு பொருட்டாகவே தோன்றவில்லை.

பின்னேரம் தப்பு முழங்க ஊர்வலம் இறங்கியது. பெண்கள் கும்மியடித்து, குலவையிட்டு, பாரிகளைத் தண்ணீரில் விட்டார்கள். விட்ட பிறகு வீடு போய்ச் சேரும்வரை யாரும் திரும்பிப் பார்க்கக்கூடாது. பார்த்தால் வேண்டுதல் பலிக்காது. தேயிலைக்கு நடுவே ஏறும் பாதையில் வரிசையாக நடந்தோம். நான் கடைசி ஆள்.

பத்தடி போயிருக்கமாட்டேன், திரும்பிப் பார்த்துவிட்டேன். என் ஆறு ஒழுங்காக ஓடுகிறதா என்று தெரிந்துகொள்ள வேண்டுமே!

ஓடவில்லை. அணைத்தண்ணீர் வளைவுவரை ஏறி, ஓட்டமே நின்றுபோயிருந்தது. கீழேயிருந்து அடித்த காற்று தண்ணீரை மேல்நோக்கித் தள்ளிக்கொண்டிருந்தது. இருபது பாரிகளும் மெதுவாகத் திரும்பி, வந்த வழியே எங்களைத் தொடர்ந்தன. எல்லாவற்றுக்கும் முன்னால் சிவப்புக் கரை கட்டியது.

அம்மன் வேண்டாமென்று திருப்பி அனுப்பிவிட்டாள் என்பார்கள். என் மனைவி அதை எப்படித் தாங்குவாள்? நம்பிக்கையில்லாத நான்தான் வரிசையை விட்டு விலகினேன்.

"அட்டை கடிச்சிருச்சு. நீங்க போங்க, வந்துர்றேன்," என்று முன்னால் போனவரிடம் சொல்லிவிட்டு இறங்கி ஓடினேன். ஆற்றோரம் நின்று குடையால் அவள் பாரியைத் தள்ளினேன். போனது, வந்தது. இன்னும் பலமாகத் தள்ளினேன். வகுப்புக்கு வெளியே அனுப்பிய பிள்ளை ஜன்னலில் எட்டிப் பார்ப்பதுபோல மறுபடியும் வந்தது. "போயேன்!" என்று அதனிடம் வாய்விட்டுக் கெஞ்சினேன். பிறகு வேட்டியை மடித்துக் கட்டி உள்ளே இறங்கினேன். சேறு ஒரு செருப்பை இழுத்துக்கொண்டது. காற்று குடையைப் புரட்டிப் போட்டது. பல் கிட்டிக்க, நெஞ்சளவு தண்ணீரில் பாரியைப் பிடித்துக்கொண்டு கீழ்ப்பக்கமாகக் கொஞ்ச தூரம் நடந்து, இனி எங்கும் போகமுடியாதபடி ஒரு பாறை இடுக்கில் செருகினேன். மற்றப் பத்தொன்பதும் எப்படியோ போகட்டும் என்று விட்டுவிட்டேன். அதற்கு இன்றைக்கும் வெட்கமாகத்தான் இருக்கிறது. ஆனால் அப்போது பெரிய காரியம் சாதித்த மிதப்பில் வீட்டுக்கு ஏறினேன்.

அவள் இஞ்சித் தேத்தண்ணி ஊற்றி வைத்திருந்தாள்.

"வழுக்கி விழுந்துட்டேன்," என்றேன்.

"எதுக்குங்க அதத் தள்ளித் தள்ளி விட்டீங்க?"

"நீ பாத்தியா?"

"பாதையில மொதல் மொடக்குலயே நின்னு திரும்பிப் பாத்துட்டேன். மனசு கேக்கல." சிரிக்கப்போகிறாள் என்று நினைத்தேன். முந்தானையால் கண்ணைத் துடைத்தாள். "எல்லாத்துக்கும் முன்னாடி வந்துச்சுங்க. ஆத்தோட போகாம வீட்டப் பாத்து வந்துச்சு. நம்மகிட்டதான் வருதுன்னு எனக்கு எம்புட்டு சந்தோசமா இருந்துச்சு தெரியுமா? நீங்க போயி பாறையில சொருகிட்டு வர்றீங்க."

தேத்தண்ணியை அப்படியே வைத்துவிட்டு எழுந்தேன். அவளும் கூடவே வந்தாள். லயத்து வரிசை வீடுகளின் வாசல்களில் நின்றவர்கள் பார்த்தார்கள். பார்க்கட்டும் என்று இருந்தது.

மறுபடி தண்ணீரில் இறங்கி, பாறையிலிருந்து பாரியை எடுத்து மிதக்கவிட்டேன். ஒரு நிமிஷம் தயங்கி நின்றது. பிறகு காற்று வாக்கில் மேல்நோக்கி, வீட்டுப் பக்கமாக நகர்ந்தது. அவள் கரையோரமாக, அதன் வேகத்துக்கே, அதைவிட்டுக் கண்ணை எடுக்காமல் நடந்தாள். நான் ஒற்றைச் செருப்போடு அவள் பின்னால் போனேன்.