கழுத்தில் தொங்கும் சாஃப்ட்வேர்

கல்யாணக் கார்டு டிசைன் செய்கிறவள் கழுத்தில் தாலிக்குத் துணையாக ஒரு பென்டிரைவும் தொங்கும் என்பது, இந்தத் தொழிலில் மாட்டிக்கொண்ட உங்களுக்குத் தெரியும். என்னுடையதில் இருப்பது, செய்த கம்பெனியே கைகழுவிவிட்ட பழைய டிசைன் சாஃப்ட்வேர். இன்ஸ்டால் செய்ய வேண்டாம், செருகினால் ஓடும். தென்காசி அச்சகத்தில் நான் வேலைக்குச் சேர்ந்த காலத்துக் கார்டுகள் அதில்தான் ஒழுங்காகத் திறக்கும்.

அக்கா கார்டு

குத்துக்கல்வலசையிலிருந்து செல்வி வந்தாள். அவள் அக்கா கல்யாணத்துக்கு நான்தான் கார்டு செய்தேன். அன்று அவள் அப்பா பக்கத்தில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்து, வரிக்கு வரி மாற்றச் சொல்லி என் உயிரை எடுத்தார். போன வருஷம் அவர் தவறிவிட்டார். இப்போது செல்விக்குக் கல்யாணம்.

"புதுசா ஒண்ணும் வேண்டாம்க்கா. அப்பா கூட இருந்து செஞ்ச அந்தக் கார்டுதான் எனக்கு வேணும்."

புதுக் கம்ப்யூட்டர்

அச்சகத்தில் அப்போதுதான் புதுக் கம்ப்யூட்டர் வாங்கியிருந்தார்கள். அதிலுள்ள புது சாஃப்ட்வேரில் அக்கா கார்டைத் திறந்தால் எழுத்தெல்லாம் கொட்டிய கடுகாகச் சிதறியது. பென்டிரைவைச் செருகிப் பழைய சாஃப்ட்வேரை ஓட்டினால், வைரஸ் என்று அதை மட்டும் தடுத்தது. ஃபைலைப் பென்டிரைவில் ஏற்றிக்கொண்டு, வீட்டுப் பழைய கம்ப்யூட்டரில் திங்கட்கிழமை பார்க்கிறேன் என்று செல்வியை அனுப்பினேன். முதலாளி அண்ணாச்சிக்குப் பொறுக்கவில்லை.

"கம்ப்யூட்டரே வேண்டாங்குது, நீ ஏம்மா அதக் கட்டிக்கிட்டு மாரடிக்க?"

ஐந்தருவி

ஞாயிற்றுக்கிழமை நல்ல சாரல். குடும்பத்தோடு ஐந்தருவிக்குப் போனோம். முண்டியடித்து உள்ளே நுழைந்து, தலையில் தண்ணீர் அறைகிறபோதுதான் நெஞ்சில் ஏதோ இடித்தது. பென்டிரைவ்! செல்வி முகம் நினைவுக்கு வந்ததும் அழுதேவிட்டேன். அருவிக்குள் யாருக்குத் தெரியப்போகிறது? வீட்டுக்கு வந்து அதை அரிசிக்குள் புதைக்கும்போது என் வீட்டுக்காரர் சொன்னார்:

"கூட்டிட்டுப் போனதுதான் போன, அதுக்கும் எண்ண தேச்சு விட்டிருக்கலாம்லா!"

ஓரத்தில் கிடந்த வரி

திங்கட்கிழமை காலையில் செல்வி என் வீட்டுக்கே வந்துவிட்டாள். நடந்ததைச் சொல்லிவிட்டு, பயந்துகொண்டே செருகினேன். ஓடியது! அக்கா கார்டு அப்படியே திறந்தது. கார்டுக்கு வெளியே, திரையின் ஓரத்தில், தனியாக ஒரு வரி கிடந்தது: 'இளைய மகள் செல்வி'. வேண்டாத வரிகளை அழிக்காமல் இப்படி ஓரம் தள்ளிவைப்பது எங்கள் வழக்கம், அச்சில் வராது. சின்னவள் பெயர் இந்த எழுத்தில் எப்படி இருக்கும் என்று அன்று அவள் அப்பா அடித்துக் காட்டச் சொன்னதை நான் மறந்தே போயிருந்தேன். செல்வி அந்த வரியை விரலால் தொட்டாள்.

"எங்கப்பா என் கார்டயும் ஆரம்பிச்சு வச்சுட்டுத்தான் போயிருக்காவ, அக்கா."

ஆகவே, என்னைப் போல் பழசோடு மாரடிப்பவர்களே, ஓரத்தில் கிடப்பதை அழிக்காதீர்கள், பென்டிரைவை மட்டும் அருவிக்குக் கூட்டிப் போகாதீர்கள்.